மடைப்பள்ளியின் மொழி: ‘தே ஜாங்கும்’ தொடரும் பெயர்ப்பாளர் பணியும்

இந்தியத் தொலைக்காட்சியின் குடும்பத் தொடர்களில் அடுக்களைக்கு என்றும் இடமுண்டு. சமையலுக்கு இடமிருப்பது அரிது. மாமியாரும் மருமகளும் எதிர்ப்படும் இடமாகவும், கதவுக்குப் பின்னால் நின்று ஒட்டுக்கேட்கும் இடமாகவும், பாலில் எதையேனும் கலக்கும் இடமாகவும் அது பயன்படுகிறது. ஸ்டார் பிளஸ் அலைவரிசையில் 2010 முதல் 2017 வரை ஒளிபரப்பான ‘சாத் நிபானா சாத்தியா’ என்னும் இந்தித் தொடரின் காட்சியொன்று 2020இல் நாடெங்கும் பேசப்பட்டது. இசையமைப்பாளர் யஷ்ராஜ் முகாட்டே அக்காட்சியின் உரையாடலைப் பாட்டாக்கி வெளியிட்டதே அதற்குக் காரணம். கொண்டைக்கடலையை எடுத்துவிட்டு வெறும் குக்கரை அடுப்பில் வைத்தவர் யார் என்பது அங்கு வழக்கு. மாமியார் விடுக்கும் வினா, ‘அடுக்களையில் யார் இருந்தார்?’ என்பது. வினாவில் வரும் ‘ரசோடா’ குஜராத்தி வழக்கைச் சார்ந்த சொல். இந்தியில் ‘ரசோயி’ என்பதே பொதுவழக்கு. ஒரு குஜராத்திக் குடும்பத்தின் சாயலை ஒரே சொல்லில் காட்டிவிட்ட உரையாடலாசிரியரின் செவி பாராட்டத்தக்கதே. ஆயினும் வேகவேண்டியது என்ன, அது எப்படிச் சுவைக்கும் என்னும் வினாக்கள் அங்கு எழவேயில்லை. கடலைக்குப் பதிலாகப் பயறு இருந்திருந்தாலும் கதை மாறியிராது.

தென்கொரியாவின் எம்.பி.சி. நிறுவனம் 2003 செப்டம்பர் முதல் 2004 மார்ச்சு வரை 54 பகுதிகளாக ஒளிபரப்பிய ‘தே ஜாங்கும்’ தொடரில் கேட்கப்படும் வினா வேறு. ‘இவ்வுணவுக்கு இனிப்பு எதனால் வந்தது? அதை நீ எவ்வாறு அறிந்தாய்?’ என்று அங்குக் கேட்கின்றனர். இவ்விரு வினாக்களுக்கும் இடையிலுள்ள தொலைவே இக்கட்டுரையின் பொருள். குடும்பத் தொடருக்குரிய சூழ்ச்சி, பழி, பிரிவு, கண்ணீர் அனைத்தும் ‘தே ஜாங்கும்’ தொடரிலும் குறைவற உண்டு. ஆனால் அவை சமையலின் மொழிக்குள்ளேயே நிகழ்கின்றன. எனவே சமையற் சொற்களையும் மரியாதை விகுதிகளையும் வெறும் அணியாகக் கருதி நழுவவிடும் பெயர்ப்பு, அணியோடு கதையையும் சேர்த்தே நழுவவிடுகிறது.

தொடரை இயக்கியவர் லீ பியோங்ஹூன். எழுதியவர் கிம் யோங்ஹியோன். தலைமைப் பாத்திரத்தில் லீ யோங்ஏ நடித்தார். ஜோசன் மரபைச் சேர்ந்த சுங்ஜோங் அரசர் ஆண்ட 1506–1544 காலப்பகுதியே கதைக்களம். ஜாங்கும் வரலாற்றில் வாழ்ந்த பெண். ஜோசன் அரசவைக் குறிப்பேடுகளில் அவரைப் பற்றிச் சில இடங்களில் மட்டுமே பேச்சு வருகிறது. அவ்விடங்களில் எல்லாம் அவர் மருத்துவப் பெண்ணாகவே வருகிறார். தம் நோயின் நிலையை அம்மருத்துவப் பெண் அறிவாள் என்ற பொருளில் அரசர் கூறியதாக 1544ஆம் ஆண்டுக் குறிப்பொன்று உண்டு. அவர் அரண்மனை மடைப்பள்ளியில் வளர்ந்தவர் என்பதற்கு அக்குறிப்பேடுகளில் சான்றில்லை. ஆகவே தொடரின் முதற்பாதி முழுவதும் எழுத்தாளரின் படைப்பு. வரலாற்றில் இல்லாத மடைப்பள்ளியே கலையளவில் தொடரின் வலுவான பகுதியாக அமைந்துவிட்டது.

அதற்கு ஒரு காரணம் உண்டு. ஜோசன் அரண்மனைச் சமையல் முற்றிலும் மறைந்துபோன கலையன்று. அரண்மனை மடைப்பள்ளியில் இறுதிக் காலத்தில் பணிபுரிந்த ஹான் ஹீசுன் என்னும் மூதாட்டியிடமிருந்து ஹ்வாங் ஹேசோங் என்னும் பேராசிரியை அதைக் கற்று எழுத்தில் பதிவு செய்தார். கொரிய அரசு அக்கலையைப் பாதுகாக்கவேண்டிய பண்பாட்டுச் சொத்தாக அறிவித்தது. ஹ்வாங் அம்மையாரின் மகள் ஹான் போங்ரியோ இத்தொடரின் உணவுக் காட்சிகளுக்கு வழிகாட்டினார். வாய்மொழியாக வந்த துறைச்சொற்கள் ஏட்டில் ஏறி, ஏட்டிலிருந்து நடிகர் வாய்க்கு மீண்டும் வந்து சேர்ந்தன. சொல்லகராதிப் பணியில் ஈடுபட்டோர்க்கு இது சுவையான செய்தியாக இருக்கும்.

தொடரின் மிகப் புகழ்பெற்ற காட்சி எளியது. மடைப்பள்ளியில் பயிற்சி பெறும் சிறுமியரிடம் தலைமை அம்மையார் ஓர் உணவைக் கொடுத்து, அதில் இனிப்புக்காகச் சேர்த்தது எது என்று கேட்கிறார். சர்க்கரை என்பவர் ஒருவர், தேன் என்பவர் ஒருவர். ஜாங்கும் மட்டும் ‘ஹோங்சி’ என்கிறாள். கனிந்து குழைந்த பெர்சிமன் பழத்தைக் குறிக்கும் சொல் அது. ‘ஏன் அப்படி நினைத்தாய்?’ என்று அம்மையார் வினவ, சிறுமி திகைக்கிறாள். மெல்லும்போது ஹோங்சியின் சுவை வந்தது. அதனால் ஹோங்சி என்று நினைத்தேன். ஏன் நினைத்தாய் என்று கேட்டால், ஹோங்சியின் சுவை வந்ததால்தான் ஹோங்சி என்று நினைத்தேன் என்பதற்கு மேல் என்ன சொல்வது என்ற பொருளில் அவள் விடை அமைகிறது. அம்மையார் தம் வினாவின் பேதைமையை உணர்ந்து சிரிக்கிறார்.

அளவையியலார் இவ்விடையைக் கூறியது கூறல் என்று தள்ளிவிடுவர். நாடகத்தில் அதுவே உச்சம். சுவை என்பது சான்று காட்டி நிறுவப்படுவதன்று, நுகர்ந்தோர் நாவே அதற்குச் சான்று என்பதைச் சிறுமி தன்னையறியாமலே கூறிவிடுகிறாள். ஆனால் மொழியியலார் கவனிக்கவேண்டிய கூறு வேறொன்று. கொரிய மொழியில் சிறுமியின் தொடர் முழுவதும் மிக உயர்ந்த பணிவு விகுதிகளோடு முடிகிறது. பொருளில் அவள் விட்டுக்கொடுக்கவில்லை. இலக்கணத்தில் முழுவதுமாகப் பணிந்து நிற்கிறாள். இந்த முரண்தான் பார்ப்போர்க்குச் சிரிப்பையும் பரிவையும் ஒருசேர வரவழைக்கிறது. பணிவு விகுதியைக் களைந்துவிட்டுச் செய்தியை மட்டும் பெயர்த்தால் எஞ்சுவது, பெரியவரை எதிர்த்துப் பேசும் வாயாடிச் சிறுமியின் பேச்சாகும். அதன்பின் அம்மையார் ஏன் அவளைக் கடிந்துகொள்ளாமல் சிரிக்கிறார் என்பது விளங்காது.

கொரிய மொழியின் மரியாதை அமைப்பு இருவகைப்பட்டது. எழுவாயாக வருபவர்க்குரிய மரியாதை ஒன்று. கேட்போர்க்குரிய மரியாதை மற்றொன்று. முதலாவது தமிழர்க்குப் புதிதன்று. நீ, நீர், நீங்கள், தாங்கள் என்னும் படிநிலையும், அவற்றுக்கேற்ற வினைமுற்று விகுதிகளும் தமிழில் உண்டு. இரண்டாவதில்தான் சிக்கல் எழுகிறது. ‘சோறு வெந்தது’ என்னும் தொடரில் முன்னிலையும் இல்லை, உயர்திணையும் இல்லை. ஆயினும் கொரியர் அதைத் தோழியிடம் ஒருவாறும், தலைமை அம்மையாரிடம் வேறொருவாறும், அரசரிடம் மற்றொருவாறும் கூறியே தீரவேண்டும். தொடரின் இறுதியில் வரும் விகுதி அதைக் காட்டிவிடும். எழுத்துத் தமிழில் அதற்கு நேரான இலக்கணக் கருவி இல்லை. ‘அம்மா’, ‘ஐயனே’ என விளியை ஒட்டுவதே வழி. விளியோ பெயர், ஒவ்வொரு தொடரிலும் ஒட்டினால் சலிப்பூட்டும்.

பேச்சுத் தமிழில் அக்கருவி உண்டு என்பதை இங்குச் சுட்டவேண்டும். ‘வெந்துருச்சுங்க’, ‘மழைங்க’, ‘இல்லீங்க’ எனக் கொங்கு வழக்கில் தாராளமாக வரும் ‘ங்க’ ஒட்டு, எழுவாயைப் பற்றியதே அன்று, கேட்பவரைப் பற்றியது. அஃறிணை எழுவாயோடும், வினையே இல்லாத தொடரோடும் அது வருவதே இதற்குப் போதிய சான்று. கொரிய மொழியின் கேட்போர் மரியாதைக்கு இத்துணை நெருங்கிய இணை, தமிழ்நாட்டின் ஒரு வட்டாரத்தில் நாள்தோறும் வழங்கிவருகிறது. ஆனால் அரசவைக் கதையைப் பெயர்க்க அமர்பவர் இதை எடுத்தாள்வதில்லை. ‘அரண்மனையில் கோயம்புத்தூர்ப் பேச்சா?’ என்ற தயக்கம் தடுக்கிறது.

தயக்கத்துக்குக் காரணம் இல்லாமல் இல்லை. தமிழில் பழங்காலக் கதை என்றால் செந்தமிழ் நடை என்பது நாடக மேடையிலிருந்து திரைப்படத்துக்கும், திரைப்படத்திலிருந்து தொலைக்காட்சிக்கும் வந்த வழக்கம். 2013இல் விஜய் தொலைக்காட்சி தமிழில் வழங்கிய ‘மகாபாரதம்’ தொடரில் அந்நடை பொருந்தி நின்றது. அங்குப் பேசுவோர் பெரும்பாலும் அரசரும் முனிவரும். ‘தே ஜாங்கும்’ கதையில் பேசுவோர் மீன் கழுவும் பெண்கள், விறகு சுமப்போர், மதுக் காய்ச்சிவிற்று வாழும் ஒரு கணவனும் மனைவியும், அவர்களுக்கு மேலே படிப்படியாக அம்மையார்கள், அமைச்சர்கள், அரசி, அரசர். அனைவர் வாயிலும் ஒரே செந்தமிழை வைத்தால் படிநிலை சரிந்துவிடும். மடைப்பள்ளிச் சிறுமி பேச்சுநிலையில் ஒருபடி தவறினால் அடிவிழும் உலகம் அது. பெயர்ப்பில் படிகளே இல்லையெனில் அடி எதற்கு விழுந்தது என்பது புரியாது.

விளிகளிலும் ஓர் இடர்ப்பாடு உண்டு. அரசரையும் அரசியையும் ‘மாமா’ என்றும், உயர்நிலைப் பணிப்பெண்டிரை ‘மாமானிம்’ என்றும் அரண்மனையில் விளிப்பர். மூல ஒலியோடு பார்க்கும் தமிழர் செவியில் இவ்விளி என்ன விளைவை ஏற்படுத்தும் என்பதை விரித்துரைக்க வேண்டியதில்லை. ‘அம்மணி’ என்பது கொங்கு நாட்டில் இளையாளையும் அழைக்கும் சொல்லாதலால் பொருந்தாது. ‘அம்மையே’ வழிபாட்டுச் சாயல் பெற்றுவிட்டது. ‘பெரியம்மா’ உறவாக்கிவிடும், அரண்மனைப் பணிப்பெண்டிரிடை நிலவும் உறவு குடும்ப உறவன்று என்பதே கதையின் அடிப்படை. ‘அம்மையாரே’ என்பது ஓரளவு பொருந்தும். எழுத்துநடைச் சாயல் அதற்குக் குறையெனினும் உறவுப்பெயரைவிட அக்குறை சிறியது.

உணவுச் சொற்களுக்கு வந்தால் தமிழ்ப் பெயர்ப்பாளரின் நிலை எதிர்பாராத அளவுக்கு நன்றாக இருக்கிறது. எளியோர் உண்ணும் சோறு கொரிய மொழியில் ‘பாப்’. பெரியோர்க்குப் படைக்கும்போது அது ‘சின்ஜி’. இறந்தோர்க்குப் படைப்பது ‘மே’. அரசர்க்குப் படைப்பது ‘சுரா’. பொருள் ஒன்றே, உண்பவர் மாறப் பெயர் மாறுகிறது. ‘சுரா’ என்பது கொரிய அரசு மங்கோலியர் மேலாதிக்கத்தில் இருந்த காலத்தில் ‘சாறு’ என்னும் பொருளுடைய மங்கோலியச் சொல்லிலிருந்து வந்தது எனச் சொற்பிறப்பியலார் கருதுவர். ‘சுரா’ ஆக்கும் இடம் சுராக்கான். உண்ணுதல் வினைக்கும் இவ்வாறே படிகள் உண்டு. அரசர் உண்பதற்கு மட்டுமே உரிய வினை தனியே இருந்தது. முள்ளங்கியை வெட்டி ஊறவைத்த காய்க்கு ஊரில் ஒரு பெயர், அரண்மனையில் வேறு பெயர். அரசரின் மலத்துக்குக்கூட ஒரு பூவின் பெயரை இட்டு வழங்கினர்.

இத்தகைய சொல்லடுக்கு ஆங்கிலத்தில் இல்லை. தமிழில் உண்டு. தின்னுதல், உண்ணுதல், அருந்துதல், அமுது செய்தல் என்னும் வினைகள் உண்பவரின் தகுதியை உள்ளடக்கியவை. வைணவ இல்லங்களில் சமையல் ‘தளிகை’. சாற்றமுது, கறியமுது, திருக்கண்ணமுது என இறைவனுக்குப் படைத்தபின் உண்பவை தனிப்பெயர் பெறுகின்றன. ‘மடைப்பள்ளி’ அரண்மனைக்கும் கோயிலுக்கும் பொதுவாய் வழங்கிய சொல். இன்று கோயிலோடு நின்றுவிட்டது. ‘அடிசில்’ இலக்கியத்தில் இருக்கிறது. வீமன் பெயரால் வழங்கிய மடைநூல் மரபைச் சிறுபாணாற்றுப்படை குறிப்பிடுகிறது. ஆகவே சுராக்கானை ‘மடைப்பள்ளி’ என்றும், அரசர் உணவை ‘அமுது’ என்றும் பெயர்ப்பதில் தடையில்லை. ஒரு தயக்கம் மட்டும் எஞ்சும். தமிழில் இச்சொற்களின் உச்சியில் இருப்பவர் இறைவன். கொரிய அடுக்கின் உச்சியில் இருப்பவர் அரசர். ‘அமுது’ என்றவுடன் தமிழர்க்கு எழும் தூய்மையுணர்வு மூலத்தில் இல்லை. அங்கு மேலோங்கி நிற்பது அச்சம். அரசர் உண்ணுமுன் ஒருவர் சுவைத்துப் பார்ப்பது நஞ்சைக் கண்டறிய. தமிழ்க் கோயில் மடைப்பள்ளியிலோ படைக்குமுன் சுவைப்பதே பிழை. ஒரே சொல்லால் இரு முரண்பட்ட ஒழுக்கங்களைக் குறிக்கவேண்டியிருப்பதைப் பெயர்ப்பாளர் உணர்ந்திருத்தல் நலம்.

ஹோங்சிக்கும் இதுபோன்றதொரு சங்கடம் உண்டு. பெர்சிமன் மரத்தின் இனத்தைச் சேர்ந்தது தமிழகத்தின் பனிச்சை. அதையொட்டிச் ‘சீமைப்பனிச்சை’ என்று பெயரிடலாம். ஆனால் பனிச்சங்காய் தமிழர்க்குத் துவர்ப்பின் இலக்கணம். அதன் சாற்றை வலைக்கும் படகுக்கும் பூசினர். ஜாங்கும் வாயில் தேனினும் மென்மையாய் இனித்தது, தமிழ்ச் சொல்லில் துவர்த்துவிடும். வியப்பு என்னவெனில், கொரியரும் துவர்ப்புக்கு உவமையாய்க் காட்டுவது அதே மரத்தின் கனியாத காயையே. எனினும் அவர்கள் எண்ணும் ஐஞ்சுவையில் துவர்ப்புக்கு இடமில்லை. புளிப்பு, கைப்பு, இனிப்பு, கார்ப்பு, உவர்ப்பு என்பவையே ஐந்து. சொல் இருக்கிறது, எண்ணிக்கையில் மட்டும் இல்லை. தமிழ்ப் பெயர்ப்பாளர் பழக்கத்தால் ‘அறுசுவை’ என எழுதினால் அரண்மனைக் கணக்கு ஒன்று கூடிவிடும்.

கொரிய மொழியில் சுவைச்சொற்கள் உயிரெழுத்து மாற்றத்தால் பொருள்நுணுக்கம் பெறுகின்றன. ‘சேகோம்’ என்றால் இளம்புளிப்பு, நாவுக்கு இதமானது. ‘சிகும்’ என்றால் முற்றிய புளிப்பு, சற்றே விலக்கத் தூண்டுவது. இவ்வாறே இனிப்பிலும் பல படிகள். மெல்லொலி உயிர் இனிமையையும் சிறுமையையும், கனத்த உயிர் அழுத்தத்தையும் குறிப்பது அம்மொழியின் ஒலிக்குறிப்பு அமைப்பு முழுவதற்கும் பொதுவிதி. தமிழில் இதற்கு நேரானது இல்லையெனினும் ‘சுள்ளென்று’, ‘சப்பென்று’, ‘சுருக்கென்று’ முதலான குறிப்புச் சொற்களும், ‘உப்புக் கரிக்கிறது’, ‘காறுகிறது’, ‘நமநமக்கிறது’ போன்ற வினைகளும் உள்ளன. அடுக்களையில் நாளும் வழங்கும் இச்சொற்களை உரையாடல் எழுதுவோர் தொடுவதேயில்லை. ‘மிகவும் சுவையாக இருக்கிறது’ என்னும் ஒரே தொடரால் எல்லா உணவையும் பாராட்டிவிடுகின்றனர். சமையல் நிகழ்ச்சிகளின் மொழி தேய்ந்துபோனதற்கு இத்தொடர் பெரிதும் பொறுப்பு.

கதையின் நடுவே ஜாங்கும் தன் சுவையுணர்வை இழக்கிறாள். மடைப்பள்ளியில் இருப்போர்க்கு அதைவிடப் பெரிய இழப்பு வேறில்லை. அவளுடைய ஆசிரியரான ஹான் அம்மையார், அவளுக்குச் ‘சுவையை வரையும்’ ஆற்றல் இருக்கிறது என்கிறார். நாவால் சோதிக்காமலே எந்தப் பொருளும் எந்தப் பொருளும் கலந்தால் எச்சுவை பிறக்கும் என்று மனத்தில் உருவாக்கிக்கொள்ளும் ஆற்றல் அது. மூலத்திலுள்ள வினை ஓவியம் வரைதலைக் குறிக்கும் வினையே. ‘சுவையைக் கற்பனை செய்தல்’ என்று பெயர்த்தால் பொருள் வந்துவிடும். ஆனால் கை போய்விடும். வரைதல் கையின் தொழில். சுவையை நாவிலிருந்து கைக்கு மாற்றுவதே ஹான் அம்மையார் அச்சொல்லால் செய்யும் செயல். தமிழில் ‘கைமணம்’, ‘கைப்பக்குவம்’ என்னும் சொற்கள் சமையலில் கையின் பங்கை ஏற்கெனவே ஒப்புக்கொண்டவை. எனவே ‘சுவையை வரைதல்’ எனச் சொல்லுக்குச் சொல் பெயர்ப்பதே இங்குத் தகும். முதலில் சற்று வியப்பூட்டினும், மூலத்தில் கேட்ட ஜாங்குமுக்கும் அது வியப்பையே ஊட்டுகிறது.

தொடரின் தலைப்பு நாடுதோறும் பெற்ற மாற்றங்கள் தனியே ஆராயத்தக்கவை. ‘தே’ என்பது ‘பெரிய’, ‘மாண்புமிக்க’ எனப் பொருள்படும் பட்டம். அரசர் அளித்த சிறப்பு. ஆகவே மூலத்தலைப்பு ஒரு பெண் தன் தொழிலால் பெற்ற பட்டத்தைக் கூறுகிறது. சீன மொழியில் அதே எழுத்துக்களை அவ்வாறே வைத்துக்கொண்டனர். பெயர்ப்புக்கே தேவை எழவில்லை. ஜப்பானியர் ‘அரண்மனைப் பணிமகள் சாங்குமின் சூளுரை’ என்னும் பொருள்பட விரித்தனர். பதவியும் உறுதியும் அதில் நின்றன. ஆங்கிலத்தில் ‘அரண்மனையில் ஒரு மணி’ என்றாயிற்று, உழைப்பவள் அணிகலனானாள். ஈரானில் பாரசீகத் தலைப்பும் அதைப் பின்பற்றியது. பெயரோ ‘யாங்கும்’ எனத் திரிந்து அந்நாட்டவர் நாவில் நிலைபெற்றது. இலங்கையில் ரூபவாகினி 2012இல் சிங்களத்தில் ஒளிபரப்பியபோது ‘சுஜாத தியணி’ என்று பெயரிட்டனர். ‘நற்பிறப்புடைய மகள்’ என்பது பொருள். கதையில் ஜாங்குமின் பெற்றோர் உயிர்க்கஞ்சி இழிந்தோராகக் கருதப்பட்ட கசாப்புத் தொழிலாளர் குடியினராய் மறைந்து வாழ்கின்றனர். தன் தந்தை அக்குடியினர் அல்லர் என்று சிறுமி வாய்தவறிக் கூறியதே குடும்பத்தின் அழிவுக்குக் காரணமாகிறது. பிறப்பைச் சொல்லி அழிந்த கதைக்குப் பிறப்பையே தலைப்பாக்கியது எதிர்பாராத பொருத்தமா, பிறழ்ச்சியா என்பது விவாதத்துக்குரியது.

இந்தியாவில் தூர்தர்ஷன் 2006இல் இந்தியில் வழங்கியபோது வைத்த பெயர் ‘கர் கா சிராக்’. ‘வீட்டின் விளக்கு’ என்பது நேர்ப்பொருள். இந்தி வழக்கில் இத்தொடர் பெரும்பாலும் குலம் தழைக்க வந்த மகனையே குறிக்கும். மகனுக்குரிய சொல்லை ஒரு பெண்ணுக்கு அளித்தது துணிவான செயல் எனலாம். தமிழில் ‘குலவிளக்கு’ பெண்ணுக்கே உரியதாதலால், இந்தித் தலைப்பை அப்படியே தமிழாக்கினால் அத்துணிவு சுவடின்றி மறைந்துவிடும். ஆயினும் தலைப்பில் உள்ள பெரிய பிழை ‘விளக்கு’ அன்று, ‘வீடு’. ஜாங்குமுக்கு வீடு இல்லை. தாயும் தந்தையும் இறந்தபின் எட்டு வயதளவில் அரண்மனைக்கு வந்தவள் அவள். அரண்மனைப் பணிப்பெண்டிர் மணம் செய்துகொள்ளாதோர். அங்கிருப்பது பணியிடம், பயிற்சி, தேர்வு, பதவி உயர்வு, பணிநீக்கம், போட்டி ஆகியவை நிகழும் இடம். தலைமைப் பதவிக்கு ஹான் அம்மையாரும் சோய் அம்மையாரும் போட்டியிடுவதை மாமியார் மருமகள் பூசலாகப் பார்க்கத் தலைப்பே பார்ப்போரைப் பழக்கிவிடுகிறது. இந்தியக் குடும்பத் தொடரில் பெண்ணின் சமையல் கடமை. இங்கு அது தொழில், அறிவுத்துறை, அதிகாரம். ‘வீடு’ என்ற ஒரு சொல் இம்மூன்றையும் உள்ளே விடாமல் கதவடைத்துவிடுகிறது.

ஸ்டார் பிளஸின் ‘தியா அவுர் பாத்தி ஹம்’ (2011–2016) தொடரில் கணவன் புஷ்கரில் இனிப்புக்கடை நடத்துபவன். சமையல் தொழிலாக மதிக்கப்படும் அரிய இந்தியச் சான்று அது. ஆனால் அங்குத் தொழிலாகச் சமைப்பவன் ஆண். ‘அல்வாயி’ என்னும் சொல் தொழிலோடு குலத்தையும் சுட்டுவது. தமிழில் ‘மிட்டாய்க்கடைக்காரர்’ என்றால் குலம் விடுபடும், ‘சரக்கு மாஸ்டர்’ என்றால் கடையின் உரிமை விடுபடும். விஜய் தொலைக்காட்சியில் தமிழில் வந்தபோது அது ‘என் கணவன் என் தோழன்’ ஆயிற்று. கடை தலைப்பின் அருகில்கூட வரவில்லை. சமையலைப் பின்னுக்குத் தள்ளி உறவை முன்னே நிறுத்துவது தலைப்புப் பெயர்ப்பில் ஏறத்தாழ விதியாகிவிட்டது.

‘தே ஜாங்கும்’ குறையற்ற படைப்பன்று. சோய் குலத்தாரின் கொடுமைக்கு எல்லை இல்லை. ஒரு சூழ்ச்சி தோற்றவுடன் அடுத்தது ஆயத்தமாகிவிடும். 54 பகுதிகளை நிரப்பவேண்டிய நெருக்கடி அங்கு வெளிப்படையாகத் தெரிகிறது. சமையற் குறிப்புகளைப் பாத்திரங்கள் ஒருவர்க்கொருவர் ஒப்பிக்கும் இடங்கள் பல. இருவரும் அறிந்ததை ஒருவர் மற்றவர்க்கு விளக்குவது உரையாடல் ஆகாது, பாடமாகும். சீனத் தூதர்க்கு அளிக்கும் விருந்தில் மஞ்சூரியரின் சிங் அரசு தோன்றியபின் உருவான விருந்தின் பெயர் ஒரு நூற்றாண்டுக்கு முன்னரே வந்துவிடுகிறது. ஆயினும் அப்பகுதியின் கருத்து நயமானது. நீரிழிவுற்ற தூதர்க்கு நாவுக்கு இனியதைப் படைப்பதா, உடலுக்கு இசைந்ததைப் படைப்பதா என்பது அங்கு எழும் அறச்சிக்கல். திருக்குறளில் ‘மருந்து’ என்னும் அதிகாரம் பெரும்பாலும் உணவளவைப் பற்றியே பேசுவதை அறிந்தோர்க்கு இது அயலாகத் தோன்றாது. கொரிய மொழியிலும் தேன் சேர்ந்த சில பண்டங்களின் பெயர் ‘மருந்து’ என்னும் சொல்லோடு தொடங்குகிறது.

பாதிவழியில் ஹான் அம்மையாரும் ஜாங்குமும் பொய்க்குற்றம் சுமத்தப்பட்டு நாடுகடத்தப்படுகின்றனர். கந்தகம் கலந்த தீனியில் வளர்ந்த வாத்தை அரசர்க்குப் படைத்து நோய் வருவித்தனர் என்பது குற்றச்சாட்டு. ஹான் அம்மையார் வழியிலேயே இறக்கிறார். யாங் மிகியோங் நடித்த அப்பாத்திரத்தோடு மடைப்பள்ளியின் மொழியும் கதையிலிருந்து விடைபெறுகிறது. ஜாங்கும் சேஜு தீவில் மருத்துவம் கற்று, மருத்துவப் பெண்ணாக அரண்மனைக்குத் திரும்புகிறாள். பிற்பாதியில் மூலிகைப் பெயர்களும் நாடிக் குறிப்புகளும் நிரம்பியுள்ளன. சுவைச்சொல் கதையை நகர்த்தியதுபோல் நோய்ச்சொல் நகர்த்தவில்லை. பார்ப்போர் சொற்களைக் கடந்து, யார் வெல்வார் என்பதை மட்டும் எதிர்பார்க்கத் தொடங்குகின்றனர். இந்தியக் குடும்பத் தொடரோடு இத்தொடர் ஒத்துப்போகும் பகுதி அதுவே.

இரு பாதிகளையும் ஒரு சிறு காட்சி இணைக்கிறது. அரண்மனைக்கு வந்த புதிதில் ஜாங்குமை ஹான் அம்மையார் நாள்தோறும் தண்ணீர் கொண்டுவரச் சொல்கிறார். சிறுமி குளிர்ந்த நீர் கொண்டுவருகிறாள், வெந்நீர் கொண்டுவருகிறாள், இலையிட்டுக் கொண்டுவருகிறாள். எதையும் அம்மையார் ஏற்பதில்லை. இறுதியில் தாயின் வழக்கம் நினைவுக்கு வர, அவள் வினவத் தொடங்குகிறாள். வயிறு வலிக்கிறதா, இன்று வெளிக்குப் போனீர்களா, தொண்டை கமறுகிறதா என்று கேட்டபின், வெதுவெதுப்பான நீரில் சிறிது உப்பிட்டுக் கொடுத்து, மெல்லக் குடிக்கச் சொல்கிறாள். கலத்தில் ஊற்றிய பின் தண்ணீரும் உணவே என அம்மையார் உணர்த்துகிறார். சமையல் ஏதுமற்ற இக்காட்சியில் வினாக்களே சமையல்.

பல பகுதிகளுக்குப் பின் மருத்துவப் பயிற்சியில் நோயாளியை வினவுதல் முதன்மை பெறும்போது, பழைய வினாக்களின் எதிரொலி மூலத்தில் கேட்கிறது. அயல்மொழித் தொடர்கள் பெரும்பாலும் ஆங்கிலப் படி வழியாகவே இந்திய மொழிகளை அடைகின்றன. நீண்ட தொடர்களில் முதற்பகுதியை எழுதியவரே இறுதிவரை எழுதுவார் என்ற உறுதியும் இல்லை. சிறுமி கேட்ட ‘வெளிக்குப் போனீர்களா’ என்பது பிற்பாதியில் ‘மலச்சிக்கல் உள்ளதா’ என்றும், ‘தொண்டை கமறுகிறதா’ என்பது ‘தொண்டையில் அழற்சி உண்டா’ என்றும் மாறிவிட்டால் மருத்துவச் செய்தி பிழைபடாது. மடைப்பள்ளிச் சிறுமியும் மருத்துவப் பெண்ணும் ஒருத்தியே என்பது மட்டும் கேட்போர் செவிக்கு எட்டாது. தொடரைப் பெயர்க்க முனைவோர் முதலில் ஆயத்தப்படுத்தவேண்டியது உணவுப் பெயர்ப் பட்டியலன்று. இந்த நான்கைந்து வினாக்களையும், அவை எந்தெந்தப் பகுதிகளில் யார் வாயில், எந்தப் பேச்சுநிலையில் மீண்டும் வருகின்றன என்பதையும் குறித்த ஒரு தாள் அவர்தம் மேசையில் இருக்கவேண்டும்.